நேரம் போட்ட கையெழுத்து

தரையடித் தண்ணீர்த் தொட்டியான சம்பின் மூடியைத் தூக்கி ஓரமாகச் சாய்த்துவிட்டு, துப்பட்டாவை இடுப்பில் இறுக்கிக் கட்டிக்கொண்டு, நீளமான பிவிசி குழாயை உள்ளே இறக்குகிறார் சந்திரிகா. குழாயில் லிட்டர் கணக்குக்கு நெயில் பாலிஷால் போட்ட சிவப்புக் கோடுகள். வெளியே இழுத்து, ஈரம் எந்தக் கோடுவரை ஏறியிருக்கிறது என்று குனிந்து பார்க்கிறார். தண்ணீர் லாரி ஓட்டும் மாரி பில்லை நீட்டியபடி நிற்கிறார்.

"பன்னெண்டாயிரம் லிட்டர்னு போட்டிருக்கீங்க. பத்தாயிரத்து எண்ணூறுதான் இறங்கியிருக்கு."

"வர்ற வழில சிந்திக்கினே வந்திருக்கும் மேடம். ரோடு அப்டி கீது."

"சிந்தினது உங்க கணக்கு மாரி அண்ணா. இறங்கினதுதான் எங்க கணக்கு."

மாரி முணுமுணுத்துக்கொண்டே பில்லைத் திருத்துகிறார். சந்திரிகா கையெழுத்துப் போடுகிறார். பக்கத்தில் தேதி. அதற்கும் பக்கத்தில், கைக்கடிகாரத்தைப் பார்த்து, காலை 6.50.

இந்த நேரம் போடும் பழக்கம் மேடவாக்கத்தில் எங்கள் அடுக்ககம் முழுக்கப் பிரசித்தம். கூரியர்காரர் ஒரு காலை லிஃப்டுக்குள்ளும் ஒரு காலை வெளியிலும் வைத்துத் தவிப்பார். இவர் நிதானமாக மணி பார்த்து எழுதுவார். மகள் ஓவியாவின் மார்க் அட்டையில்கூட 'காலை 7.15' என்று இருக்கும். "அம்மா கையெழுத்துப் போட்டாங்களா, ரயில் டிக்கெட் எடுத்தாங்களா?" என்று வகுப்பு டீச்சர் ஒருமுறை கேட்டுவிட்டாராம். சந்திரிகா அசையவில்லை. அடுத்த மாத அட்டையிலும் நேரம் இருந்தது.

எதிர் வீட்டில் இருப்பதால் எனக்கு அவரைக் கொஞ்சம் தெரியும். வயது நாற்பத்தைந்து. ஓ.எம்.ஆர். சாலையில் ஒரு வெளிநாட்டு வங்கியின் அலுவலகத்தில் வேலை. லண்டன் விழிக்கும் நேரத்துக்குத்தான் அங்கே வேலை தொடங்கும் என்பதால் மதியம் கிளம்புவார். என்ன வேலை என்று கேட்டேன். சந்தை தலைகீழானால் அந்த வங்கி ஒரே நாளில் எவ்வளவு பணத்தை இழக்கும் என்று கணக்குப் போட்டுச் சொல்லும் வேலையாம். ஊரில் உலகத்தில் எல்லோரும் லாபத்தைக் கணக்குப் போட, நஷ்டத்தைக் கணக்குப் போட ஒரு ஆளுக்குச் சம்பளமா என்று சிரித்துவிட்டேன்.

அவர் கோபித்துக்கொள்ளவில்லை. "நூறு நாள்ல தொண்ணூத்தொம்பது நாள் எல்லாம் நல்லாத்தான் சார் போகும். எனக்குச் சம்பளம் அந்த மிச்சம் ஒரு நாளுக்குத்தான்" என்றார்.

அந்த ஒரு நாளை அவர் பார்த்தும் இருக்கிறார். ஒரு விடுமுறை நாள் மாலை மின்வெட்டில் லிஃப்ட் நின்றுபோய், காய்கறிப் பையோடு மூன்றாம் மாடிக்கு ஏறும்போது மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னார். 2008-ம் வருடம். அப்போது வேறொரு வெளிநாட்டு வங்கி, இருபத்தெட்டு வயது. வெள்ளிக்கிழமை மாலை ஓர் அறிக்கையில் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். அதிலிருந்த கடன் பத்திரங்களை மூன்று வாரமாக யாருமே வாங்கவில்லை; விலை மட்டும் பழைய விலையாகவே இருந்தது. கேட்டார். "போன வாரமும் இதேதானே, போடு" என்று பதில் வந்தது. போட்டார். திங்கட்கிழமை காலை அலுவலக வாசலில் அடையாள அட்டையைக் காட்டினால் சிவப்பு விளக்கு எரிந்தது. கதவு திறக்கவில்லை. கடல் தாண்டி எங்கேயோ அந்த வங்கி சனி, ஞாயிறுக்குள் கதையை முடித்துக்கொண்டிருந்தது.

"என் கையெழுத்தால அந்த பேங்க் சாயல சார், அது எனக்கே தெரியும். ஆனா சாய்ஞ்சப்ப என் கையெழுத்தும் உள்ள இருந்தது. அப்புறம் விசாரணைன்னு வந்து, எத்தனை மணிக்குப் போட்டீங்க, அறிக்கைல யாரோ நம்பரை மாத்தியிருக்காங்க, அதுக்கு முன்னாடியா பின்னாடியான்னு கேட்டாங்க. என்னால சொல்ல முடியல."

அவ்வளவுதான் சொன்னார். பையை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டு மேலே ஏறினார். அதன் பிறகு அந்த நேரம் போடும் பழக்கத்தைப் பற்றி நான் கிண்டல் செய்வதில்லை.

எங்கள் அடுக்ககச் சங்கத்துக்கு அவர்தான் பொருளாளர். செயலாளர் சுப்பராயலு. இந்தக் கட்டடம் நிற்பது அவர் நிலத்தில். அதற்கு ஈடாக ஆறு வீடுகள் வாங்கியவர். நல்ல மனிதர், குரல்தான் ஒரு ஊருக்குப் போதும். சங்கத்தின் சேமிப்பு நாற்பத்திரண்டு லட்சம் ரூபாய் ஓர் அரசு வங்கியில் வைப்பு நிதியாகக் கிடக்கிறது. பெயிண்ட், லிஃப்ட், மொட்டைமாடி ஒழுகல் எல்லாவற்றுக்கும் இருபத்தெட்டு வீடுகள் பத்து வருடமாகச் சேர்த்த பணம். அதை எடுக்கவோ, இடம் மாற்றவோ இரண்டு கையெழுத்து வேண்டும். செயலாளர் ஒன்று, பொருளாளர் ஒன்று.

போன மாதம் சுப்பராயலு ஒரு யோசனையோடு வந்தார். பக்கத்தில் ஒரு சிறிய கூட்டுறவு வங்கி இரண்டேகால் சதவீதம் கூடுதல் வட்டி தருகிறதாம். "வருஷத்துக்குத் தொண்ணூத்தி நாலாயிரம் எக்ஸ்ட்ரா! அறுபது லோடு தண்ணி சார்!" என்று மாடி மாடியாகச் சொல்லிக்கொண்டு போனார். தண்ணீரை லாரியில் விலைக்கு வாங்கும் மேடவாக்கத்துக்காரனிடம் பணத்தைத் தண்ணீராக மாற்றிக் காட்டினால் யார்தான் மயங்கமாட்டார்கள்? நானும் மயங்கினேன்.

சந்திரிகா அந்த வங்கியின் ஆண்டறிக்கையை வாங்கி இரண்டு இரவுகள் படித்துவிட்டு, கையெழுத்துப் போட மாட்டேன் என்றார்.

"இன்னாம்மா இது? கையெழுத்துதானே கேக்குறேன், கிட்னியா கேக்குறேன்? என் சொந்தப் பணம் இருபது லட்சம் அங்கதான் கீது. நான் இன்னா பைத்தியமா?"

"அது உங்க பணம் சார், உங்க இஷ்டம். அவங்க கொடுத்த கடன்ல பாதிக்கு மேல ரியல் எஸ்டேட்காரங்களுக்குப் போயிருக்கு. பேங்க் விழுந்தா இன்சூரன்ஸ் அஞ்சு லட்சம்தான். நம்ம சங்கம் மொத்தமும் அங்க ஒரே ஆள் கணக்கு. மீதி முப்பத்தேழு லட்சத்துக்கு யார்கிட்டப் போய் நிப்பீங்க?"

"இப்ப இருக்கிற பேங்குக்கும் அதே அஞ்சு லட்சம்தானே?" என்று நடுவில் புகுந்து நான் என் அறிவைக் காட்டினேன்.

"ஆமா சார். ஆனா அது விழணும்னா கவர்ன்மென்ட்டும் கூடவே விழணும். வேணும்னா புது பேங்க்ல நாலரை லட்சம் போடுங்க. அதுக்கு இப்பவே கையெழுத்துப் போடறேன்."

சுப்பராயலு அதற்கு இறங்கி வரவில்லை. நாற்பத்திரண்டும் போகவேண்டும் என்றார் அவர். நாலரைக்கு மேல் ஒரு ரூபாய் போகாது என்றார் இவர். விடாக்கண்டனுக்குக் கொடாக்கண்டன். லிஃப்டில் சந்திரிகா ஏறினால் பேச்சு நின்றது. தண்ணீர் கட்டணம் முந்நூறு ரூபாய் கூடியபோது, "மேடத்துக்குத் தாங்க்ஸ் சொல்லுங்க" என்று யாரோ வாட்ஸாப் குழுவில் போட்டார்கள். ஓவியாவை விளையாட்டுக்குச் சேர்த்துக்கொள்ளாத வீடுகள்கூட இருந்தன. அதைக் கேள்விப்பட்டும் நான் யாரிடமும் போய் நியாயம் கேட்கவில்லை. சந்திரிகா வழக்கம்போல் காலையில் குழாயோடு சம்புக்குப் போனார்.

வைப்பு நிதி முதிர்வதற்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை மாலை, கார் நிறுத்தும் இடத்தில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டுக் கூட்டம். இருபத்துநான்கு வீட்டார் வந்திருந்தார்கள். பொருளாளரை மாற்றிவிட்டுப் பணத்தையும் மாற்றலாம் என்று சுப்பராயலு தீர்மானம் வைத்தார். பத்தொன்பது கைகள் உயர்ந்தன. அதில் ஒன்று என்னுடையது. மறைத்து என்ன ஆகப்போகிறது?

சந்திரிகா எழுந்தார். முகத்தில் கோபமும் இல்லை, அழுகையும் இல்லை. பணத்தைப் புது வங்கிக்கு மாற்றும் படிவத்தை மேசையில் விரித்து, பேனாவின் மூடியைக் கழற்றி, பேனாவை அதன்மேல் வைத்தார்.

"சரி. புதுப் பொருளாளர் யாருன்னு சொல்லுங்க. பேனா இந்தா இருக்கு."

சுப்பராயலு முன்வரிசைப் பக்கம் திரும்பினார்.

"டேனியல் சார், நீங்க எடுத்துக்கங்க" என்றார் சுப்பராயலு. ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் டேனியலுக்கு அந்த நிமிடமே ரத்த அழுத்தம் நினைவுக்கு வந்தது. பேனாவை எடுத்துப் பக்கத்து நாற்காலிக்குக் கொடுத்தார். பக்கத்து நாற்காலிக்கு அடுத்த மாதம் அமெரிக்கப் பயணம். அதற்கடுத்தவருக்கு ஆடிட்டிங் நேரம். இன்னொருவர் வாடகைக்கு இருப்பவராம்; கை தூக்கும்போது அது அவருக்குத் தோன்றவில்லை போலும். அடுப்பிலிருந்து இறக்கிய பாத்திரம் மாதிரி பேனா கை மாறி மாறி என்னிடம் வந்தது.

வாங்கினேன். மெல்லிய நீல நிறப் பேனா, கனமே இல்லை. நாற்பத்திரண்டு லட்சம், இருபத்தெட்டு வீடு, கீழே என் பெயர் என்று நினைத்துப் பார்த்தேன். எனக்குக் கண்புரை என்று சொல்லிவிட்டு அடுத்தவரிடம் நீட்டினேன். சந்திரிகா என்னைப் பார்த்தார். வெட்கமாக இருந்தது.

கடைசி நாற்காலி வரை போய்விட்டுப் பேனா மேசைக்கே திரும்பி வந்தது. சுப்பராயலு எங்கள் எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார். "கை தூக்க மட்டும் தெரியுது, பேனா புடிக்க ஆள் இல்லியா? நல்ல பேஜாரு!" என்றார்.

சந்திரிகா பையிலிருந்து இன்னொரு படிவத்தை எடுத்தார். பழைய வங்கியிலேயே இன்னும் ஒரு வருடத்துக்குப் புதுப்பிக்கும் படிவம். வீட்டிலேயே நிரப்பிக் கொண்டுவந்திருந்தார். பொருளாளர் என்ற இடத்தில் கையெழுத்திட்டு, தேதி போட்டு, மணி பார்த்து மாலை 7.42 என்று எழுதி, சுப்பராயலுவிடம் நகர்த்தினார்.

அவர் படிவத்தைப் பார்த்தார், சந்திரிகாவைப் பார்த்தார், பெருமூச்சு விட்டார். பெரிதாக, இரண்டு கோடு கிழித்து, கையெழுத்துப் போட்டார். தேதியும் போட்டுவிட்டுத் தாளைத் திருப்பிக் கொடுத்தார்.

சந்திரிகா அதை வாங்கவில்லை. தேதிக்குப் பக்கத்தில் இருந்த காலி இடத்தில் வலது கை விரலை வைத்தார். கடிகாரம் கட்டிய இடது கையை, முள் அவருக்குத் தெரியும்படி திருப்பி, அவர் முன்னால் நீட்டிக்கொண்டு நின்றார்.