பிடித்ததைக் காட்டு, நைனா!

சொந்தமாகப் படம் எடுப்பவனுக்குக் கதை பஞ்சமில்லை, படச்சுருள்தான் பஞ்சம். நீங்களும் அந்தக் கஷ்டம் பட்டவர்தானே? கேளுங்கள். சுதந்திரம் வந்த புதிதில் மூர் மார்க்கெட்டில் ஒரு பழைய கேமரா வாங்கினேன். சாவி கொடுத்தால் அரை நிமிஷம் தானாகவே ஓடும். வாங்கிய அன்றே நான் டைரக்டர்!

திருடனும் நானே

ராயபுரம் ஸ்டேஷன் பக்கம் முதல் காட்சி. நடிக்க ஒப்புக்கொண்டவர்கள் வரவில்லை. விடுவேனா? கேமராவை ஸ்டூலில் வைத்து ஓடவிட்டு, லுங்கியோடு திருடனாக ஓடினேன். திரும்பி வந்து மறுபடி சாவி கொடுத்து, காக்கிச் சட்டை மாட்டிக்கொண்டு போலீஸாக ஓடினேன். மூச்சு வாங்கியது, ஆனால் என்ன சந்தோஷம்! வேலையை விட்டுவிட்டு வேடிக்கை பார்த்த டீக்கடைக்காரர் கேட்டார்: "இன்னா நைனா, உன்னை நீயே தொரத்திக்கினு கீறியே, எப்போ புடிப்பே?"

பெட்டியைத் திற

அடுத்தது கடல் படம். திருவொற்றியூர் குப்பத்து ஏழுமலை அண்ணன் தன் கட்டுமரத்தில் என்னை ஏற்றிக்கொண்டார். விழாமலிருக்க இடுப்பில் கயிறு. வலை மேலே வர வர, மீன்கள் துள்ளத் துள்ள, நானும் கத்திக்கொண்டே எடுத்தேன்.

கரைக்கு வந்ததும் எல்லோரும் மீனை மணலில் கொட்டினார்கள். "நீ புடிச்சதை எட்து காட்டு" என்றார் அண்ணன். கேமராவைத் திறந்தால் சுருளில் வெளிச்சம் பட்டு எல்லாம் பாழ். சுருளைக் கழுவி எடுத்து வந்து இதே மணலில் காட்டுகிறேன் என்று கெஞ்சினேன். படம் பாதியில் நிற்கிறது. வேறு யார் என்னை ஏற்றுவார்கள்? அண்ணன் கறாராகச் சொன்னார்: "காட்டாங்காட்டி, இனிமே நம்ம மரத்துல கால் வைக்காதே!"

வேட்டியில் கடல்

சொன்னபடி ஒரு சாயங்காலம் வந்தேன். லாரி பேட்டரியில் பல்பு, கையால் சுற்றும் புரொஜக்டர், திரைக்கு என் வேட்டி. குப்பமே திரண்டிருந்தது. படம் ஓடி முடிந்தது. ஆளாளுக்கு மணலைத் தட்டிக்கொண்டு எழுந்தார்கள். போச்சு, நம் கதை முடிந்தது என்று நினைத்தேன். பதற்றத்தில் பல்பை அணைக்காமலே சுருளைப் பின்னால் சுற்றிவிட்டேன்.

வேட்டியில் பார்த்தால், வலை கட்டுமரத்திலிருந்து வழுக்கிக்கொண்டு இறங்குகிறது. துள்ளிய மீனெல்லாம் அதோடு கடலுக்குள் போகிறது! குப்பம் சிரித்த சிரிப்பு இருக்கிறதே! எனக்கோ ஒன்றும் புரியவில்லை. ஏழுமலை அண்ணன் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து தோளில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினார்: "அட பேஜாரே! புடிச்சதெல்லாம் திருப்பிக் கடல்லயே வுட்டுட்டியே நைனா! நாளைக்கு வா, மறுபடி போயி புடிக்கலாம்!"

பிடித்ததைக் கைவிட்டதற்காக மறுநாளும் வேலை கிடைக்கும் தொழில் இது ஒன்றுதான் என்று நினைக்கிறேன். வேறு ஏதாவது உங்களுக்குத் தெரிந்தால் சொல்லுங்கள்.