கொடுமைக்கார மாமியார்

பக்கத்து வீட்டு டிவியில் ஒரு மாமியார் மருமகளைத் திட்டிக்கொண்டிருந்தாள். அந்தக் குரலைக் கேட்டதும் மல்லிகா அத்தையின் நினைவு வந்துவிட்டது.

அரியலூரில் எங்கள் எதிர்வீட்டுக்காரர். திருவிழா நாடகங்களில் ராணி வேஷம் கட்டியவர். மேடைக் குரல் டிவிக்கு ஆகாது என்று பலர் திருப்பி அனுப்பியும் விடாமல் சென்னைக்கு அலைந்து, ஒரு தொடரில் கொடுமைக்கார மாமியார் ஆனார்.

நான் சிறுமியாக இருந்தபோது ஒருநாள் அவருடன் பெரம்பலூருக்கு பஸ்ஸில் போனேன். முன்சீட்டில் இருந்த ஒரு அம்மா திரும்பி, அத்தையைக் கண்டதும் கொதித்துவிட்டார்.

"புள்ளத்தாச்சிப் பொண்ண வூட்ட வுட்டு வெரட்டிட்டீங்களே, நல்லா இருப்பீங்களா?"

பஸ்ஸே எங்களைப் பார்த்தது. எனக்கு அழுகை முட்டியது. அத்தை எழுந்து கைகூப்பினார்.

"தப்புதாங்க. நாளைக்குப் பாருங்க, நல்லா வாங்கிக் கட்டிக்கப் போறேன்."

அந்த அம்மா சிரித்துவிட்டார். கூடையிலிருந்து ஒரு கொய்யாப்பழத்தை எடுத்து எனக்குக் கொடுத்தார்.

இறங்கியதும், "உங்களுக்குக் கோவம் வரலையா அத்தை?" என்றேன்.

"கோவமா? ராணியா நின்னப்ப கைதட்டுனாங்க பாப்பா, ஆனா ஒருத்தர்கூட என்னை ராணின்னு நம்பல. இந்தம்மா நம்பிட்டாங்கடி!"

சொல்லும்போதே அவர் கண் கலங்கிவிட்டது. துடைத்துக்கொள்ளாமல், தலை நிமிர்ந்து, கடைத்தெருவில் எனக்கு முன்னால் நடந்தார்.