செக் ராஜாவுக்கு நான் எழுதிய வசனம்

கல்யாணமாகி மூன்று வருடமாக என் மாமனார் என்னிடம் நேராக ஒரு வார்த்தை பேசியதில்லை. நான் கல்வராயன் மலைக்காரி. அவரைக் கேட்காமல் அவர் மகன் கட்டிக்கொண்டு வந்தவள். ரிஷிவந்தியத்தில் கரும்பு வயலில் வழுக்கி விழுந்து காலை முறித்துக்கொண்டவர், ஆஸ்பத்திரிக்குப் பக்கம் என்பதால் வேறு வழியில்லாமல் கள்ளக்குறிச்சியில் எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். கணவர் வேலைக்குப் போனபின் வீட்டில் நாங்கள் இருவர்தான். தண்ணீர் வேண்டுமென்றால் மின்விசிறியைப் பார்த்து, "தண்ணி குடுத்தா தேவல" என்பார். நானும் மின்விசிறிக்கே பதில் சொல்வேன்.

சீரியல் அவருக்கு ஆகாது. என்னிடம் இருந்ததோ ஒரு பென் டிரைவ் நிறைய செக் நாட்டு ராஜா ராணிப் படங்கள். கல்லூரியில் பிடித்த பைத்தியம். அந்த நாட்டில் கிறிஸ்துமஸ் வந்தால் குடும்பமே டிவி முன்னால் உட்கார்ந்து இந்த மாதிரி மாயாஜாலப் படங்களைத்தான் பார்க்குமாம். போட்டுவிட்டேன். அட்டையில் வரைந்த வானம், தன் வாலே தடுக்கி விழும் அசட்டுப் பிசாசு, தானே அடுப்பூதும் ராஜா. "இவன் இன்னா ராஜா, ஒரு வேலையாளு கூட இல்ல" என்று மின்விசிறியிடம் சொல்லிச் சிரித்தார். இங்கிலீஷ் சப்டைட்டிலைப் பார்த்து நான் தமிழில் சொல்லிக்கொண்டே வருவேன். மூன்றாம் நாளே, மதியச் சாப்பாடு முடிந்ததும் "இன்னைக்குப் படம் இல்லியா" என்று மின்விசிறி விசாரிக்கப்பட்டது.

அன்றைய படத்தில் இளவரசன் காட்டிலிருந்து ஒருத்தியைக் கூட்டி வருகிறான். ராஜா கோட்டைக் கதவைச் சாத்திவிடுகிறார். எனக்குள் மூன்று வருடக் கோபமும் கிளம்பிவிட்டது. கடைசியில் கதவு திறந்தபோது ராஜாவுக்கு நானே வசனம் எழுதினேன்.

"மகளே, உன்னை இத்தனை நாள் வெளியே நிறுத்தியது என் தப்பு. காட்டுக்காரி என்று இளக்காரமாக நினைத்துவிட்டேன். என்னை மன்னித்துவிடு."

"இன்னாமா, அவன் வாய் ஒரு வாட்டிதான் அசைஞ்சுது. நீ இன்னா இவ்ளோ நீட்டிக்கினு போற?"

மின்விசிறியிடம் அல்ல, என்னைப் பார்த்தே கேட்டார். திருட்டுமுழி முழித்தேன்.

"'உள்ள வா'ன்னு மட்டுந்தான் சொன்னாரு மாமா. மீதியெல்லாம் நான் சேத்தது."

மாவுக்கட்டுப் போட்ட காலைக் கொஞ்சம் நகர்த்தி வைத்துக்கொண்டார்.

"இத்தினி நாளு முறுக்கிக்கினு இருந்தவன் பொசுக்குனு மன்னிப்பா கேப்பான்? வெக்கமா இருக்காது? உள்ள வான்னு சொன்னதே அவனுக்கு ஜாஸ்தி. நீதாம்மா புரிஞ்சிக்கணும்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. "புரியுதுங்க மாமா" என்றேன்.