ஸ்கார்வ்லிப் பண்ணைக்கு வந்துபோன புரொபசர்

சிக்வால்ட் ஹோவ்டெனாக் ஓலசுண்ட் துறைமுகத்தில் ஒரு சுங்கக் குமாஸ்தாவின் மகன். மீன் நாற்றம் தாங்காமல்தான் மலைப்பக்கம் ஓடினேன் என்று சொல்லிக்கொள்வார். நிலவியல் படித்து, பெர்கனில் பேராசிரியராகி, வடகடல் பனித்தீவுகளுக்கு ஆய்வுக்குப் போய்வந்து, பள்ளிப் பிள்ளைகளுக்குப் புவியியல் புத்தகமும் எழுதினார். குறையென்று சொல்ல ஒன்றுமில்லாத வாழ்க்கைதான். ஆனால் மழை வலுத்தால் மனுஷனுக்குத் தூக்கம் போய்விடும்.

காரணம், ஸ்கார்வ்லி. மலைகளுக்கு நடுவே புகுந்த கடலான ஃபியோர்டின் தண்ணீருக்கு மேலே, செங்குத்துச் சரிவில் ஒட்டிக்கொண்டிருந்த ஆட்டுப் பண்ணை அது. அதற்கு நேர் மேலே, ஒரு தேவாலயம் அளவுக்குப் பெரிய பாறை, மலையிலிருந்து பிளந்து நின்றது. அங்கே வசித்த குடும்பத்தைக் கீழே இறக்கிவிடலாமா என்று கேட்டு, வட்டார அதிகாரிகள் இளம் சிக்வால்டை அனுப்பினார்கள். அவர் கயிறு கட்டி ஏறி, விரிசலுக்குள் தலையை விட்டுப் பார்த்தார். உள்ளே பாசி தடித்துக் கிடந்தது. மண் சேர்ந்து புல்லும் முளைத்திருந்தது.

"பழைய விரிசல். இப்போ நகரல. இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டார்.

பண்ணைக்காரி குன்வோர் அவருக்குப் புளித்த பாலேட்டில் கஞ்சி கிண்டிப் போட்டாள். வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டுப் படகேறினார். பாதி வழியில் மழை பிடித்தது. அப்போதுதான் முதன்முதலாக அந்த நினைப்பு வந்தது: நான் தப்பாகச் சொல்லியிருந்தால்?

அதிலிருந்து கோடை வந்தால் ஸ்கார்வ்லிக்குப் போய்விடுவார். விரிசலின் இரு பக்கமும் இரும்பு முளை அடித்து, இடைவெளியை அளப்பார். அது அசையாது. அவர் மனசுதான் அசையும். பனித்தீவில் இருந்தபோதுகூட, நிலக்கரிக் கப்பல் வந்தால் மாலுமிகளிடம், "நம்ம பக்கம் மலைச்சரிவு ஏதாவது உண்டா?" என்றுதான் முதலில் விசாரிப்பார்.

குன்வோர் கேலி பண்ணாமல் விடமாட்டாள்.

"என்ன புரொபசரே, நாங்க செத்துட்டோமான்னு பாக்க வந்தீங்களா?"

"அளவெடுக்க வந்தேன்மா."

"எடுங்க எடுங்க. அப்படியே ஆட்டுக்குட்டியையும் எண்ணிட்டுப் போங்க. ஒண்ணு குறையுது."

வருஷங்கள் ஓடின. அவருக்குத் தாடி நரைத்தது, குன்வோருக்கு முதுகு வளைந்தது. ஓர் இலையுதிர் காலத்தில் நிற்காமல் மழை கொட்டியது. பெர்கன் வீட்டில் சிக்வால்ட் ஜன்னலோரமாகவே நடந்துகொண்டிருந்தார்.

மனைவி போர்கில்ட் பின்னலைக் கீழே வைத்தாள். "போயிட்டு வந்துடு சிக்வால்ட். நீ இங்க நடந்து தரை தேயறதுதான் மிச்சம்."

இந்தத் தடவை, இறங்கிவிடுங்கள் என்று சொல்லிவிட வேண்டும் என்ற முடிவோடு கிளம்பினார். படகு ஸ்கார்வ்லியின் துறையை நெருங்கியபோது, கரையில் கட்டில், அலமாரி, மூட்டைகள். ஆடுகள் கூட்டமாகக் கத்திக்கொண்டிருந்தன. குன்வோர் ஒரு பெட்டிமேல் உட்கார்ந்து காபி குடித்துக்கொண்டிருந்தாள்.

"என்னம்மா ஆச்சு? பாறை நகர்ந்துச்சா?" சிக்வால்ட் படகிலிருந்தே கத்தினார்.

"பாறையா? அது பாட்டுக்கு இருக்கு. மருமகளுக்குத்தான் இங்க இருப்புக் கொள்ளல. ரோடு இல்ல, கரண்ட் இல்ல. அக்கரையில வீடு பாத்தாச்சு."

சிக்வால்ட் ஈரக் கல்லென்றும் பாராமல் உட்கார்ந்துவிட்டார்.

"எல்லாரும் போறீங்களா?" என்று கேட்டபோது முகம் மலர்ந்துவிட்டது.

"பூனை வரைக்கும். ஏன் உங்களுக்கு இவ்வளவு சந்தோஷம்?"

"நான் சொன்னதாலதானேம்மா இத்தனை நாளும் நீங்க இங்க இருந்தீங்க. அந்தப் பயம்தான் எனக்கு."

குன்வோர் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு சிரிக்க ஆரம்பித்தாள். காபி பாவாடையில் சிந்தியது.

"நீங்க சொல்லியா? நல்லா இருக்கு. நீங்க போகச் சொல்லியிருந்தாலும் நாங்க போயிருக்கமாட்டோம். இத்தனை ஆட்ட எங்க கொண்டுபோயிக் கட்றது? நீங்க வந்தப்போ என் புருஷன் சொன்னாரு, பாவம், படிச்ச பையன், ஏதோ சொல்றான், கஞ்சியப் போட்டு அனுப்புன்னு."

சிக்வால்டுக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. கூடவே சிரித்தார், கண்ணில் தண்ணீர் வரும்வரை. இளைஞனாய்த் தோளில் ஏற்றிக்கொண்ட மலையை யாரோ எடுத்துக் கீழே வைத்ததுபோல இருந்தது.

"சும்மா உக்காந்திருக்காம அந்தக் கிடாயப் பிடிங்க" என்றாள் அவள்.

படகு அக்கரைக்குப் போகும்வரை கிடாயைக் கட்டிப்பிடித்தபடி நின்றார். ஆட்டு நாற்றத்தோடு வீடு வந்தவர், மழை கூரையைப் பிய்த்துக்கொண்டு பெய்ய, காலை வெகுநேரம் வரை தூங்கினார். போர்கில்ட் எழுப்பவில்லை. அடுத்த கோடையில் இருவரும் தெற்குக் கடற்கரைக்குப் போனார்கள். பாறை உடைக்கும் சுத்தியலை இந்தத் தடவை பெட்டியில் எடுத்து வைக்கவில்லை. மணலில் செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு, பொரித்த மீன் வாங்கித் தின்றார்.