இரண்டு பேர் செட்டு

எங்கள் தெருவில் ஆண்களுக்கென்றே ஒரு சொல் புழங்கியது. செட்டு. கூட்டாளிகளுக்கும் அதுதான் பெயர், கூட்டாளிகளோடு வெளியே கிளம்புவதற்கும் அதுதான் பெயர். 'அவன் நம்ம செட்டு' என்றால் சேக்காளி. 'இன்னைக்குச் செட்டு இருக்கு' என்றால் எங்கேயோ போகிறார்கள். எங்கே என்று கேட்கக்கூடாது, கேட்டாலும் உருப்படியான பதில் வராது. பாபநாசத்துக்குக் குளிக்கப் போனாலும் செட்டுதான், மேட்னி ஷோ போனாலும் செட்டுதான், சந்திப் பிள்ளையார் முக்கில் நின்று இரண்டு மணி நேரம் வெட்டிக்கதை பேசினாலும் செட்டுதான். பெண் கொடுக்கப் போகிறவர்கள் மாப்பிள்ளையைப் பற்றி விசாரிக்கும்போது, 'பையன் செட்டுக்கெல்லாம் போவானோ?' என்று குரலைத் தாழ்த்திக் கேட்பார்கள். அங்கே அதற்குக் குடிப்பானோ என்று பொருள். பெண்களுக்குச் செட்டு கிடையாது. அவர்கள் கோயிலுக்குப் போனால் அது கோயில், கல்யாண வீட்டுக்குப் போனால் அது கல்யாண வீடு.

என் அப்பாவின் செட்டில் ஒரு காலத்தில் ஐந்து பேர் இருந்தார்களாம். பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சில் இருந்தவர்கள். ஒரு தசராவுக்கு ஐந்து பேரும் குலசேகரன்பட்டினத்துக்கு வேஷம் கட்டிப் போனதையும், அப்பா குறத்தி வேஷம் போட்டதையும் சொல்லி அம்மா எங்களைச் சிரிக்கவைப்பாள். பிறகு ஒருவர் பம்பாய் போனார், ஒருவர் துபாய் போனார், ஒருவர் களக்காட்டில் மாமனார் வீட்டோடு தங்கி வாழை போட்டார். மிஞ்சியது இரண்டு பேர். அப்பாவும், நான் மாமா என்று கூப்பிடும் அவருடைய சேக்காளியும். ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை காலையில் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு, 'செட்டுக்குப் போயிட்டு வாரேன்' என்றுதான் அப்பா சொல்வார். 'ரெண்டு பேருக்குப் பேரு செட்டாக்கும்' என்று அடுப்படியிலிருந்து அம்மா சொல்வாள். இது வாராவாரம் தவறாமல் நடக்கும்.

அப்பா தாலுகா ஆபீஸில் எழுத்தர். மாமா டவுண் பஸ் டிரைவர். அதனால் அப்பாவைவிட மாமா பெரிய ஆள் என்பது என் முடிவு. நானும் அம்மாவும் நிற்பதைப் பார்த்தால் ஸ்டாப் இல்லாத இடத்திலும் பஸ்ஸை நிறுத்துவார். காக்கிச் சட்டையும் முறுக்கின மீசையுமாக அவர் ஸ்டியரிங்கை வளைக்கும்போது, 'எங்க மாமா' என்று பக்கத்தில் இருப்பவர்களிடம் சொல்லிக்கொள்வேன்.

நான் நாலாம் வகுப்புப் படித்த வருஷம் அம்மாவுக்குச் சந்தேகம் வந்தது. தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. முன்பெல்லாம் இருவரும் ஆளுக்கொரு சைக்கிளில் குறுக்குத்துறைக்குக் குளிக்கப் போய்ப் பத்து மணிக்குத் திரும்பிவிடுவார்கள். இப்போது சைக்கிளைப் பூட்டி வைத்துவிட்டு நடந்து போகிறார்கள், திரும்பப் பன்னிரண்டு ஆகிறது. கேட்டால், 'காலாற நடக்கோம்' என்றார் அப்பா. அடுத்த வீட்டு அக்கா வேறு வந்து, உங்க வீட்டு அண்ணாச்சியும் அந்த டிரைவரும் கையைப் பிடிச்சுக்கிட்டு நடந்து வந்தாவ, டிரைவருக்கு நடை தள்ளாடுச்சு என்று சொல்லிவிட்டுப் போனாள். காலையிலேயே தள்ளாட்டமா என்று அம்மா முகம் இருண்டுபோயிற்று.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அம்மா எனக்கு எண்ணெய் தேய்த்துவிட்டு, 'இவளுக்கும் ஆத்துல குளிக்கணுமாம், கூட்டிட்டுப் போங்க' என்றாள். நான் அப்படிக் கேட்கவே இல்லை. பின்வாசலில் வைத்து என்னிடம் சொன்னது வேறு.

"ஏட்டி, போகையில ஒண்ணும் கேக்காத. வரும்போது ஒட்டி நடந்து வந்து, வாயில வாடை வருதான்னு மட்டும் பாரு."

அப்பா என்னை ஒரு நிமிஷம் பார்த்தார். வேண்டாம் என்று சொல்லப்போகிறார் என்று பயந்தேன். 'சரி, வா' என்றார்.

தெருவிலேயே செட்டுக்குப் போன முதல் பெண் நான். அந்தப் பெருமையில் எனக்குக் கால் தரையில் பாவவில்லை. ஆனால் போகப்போக ஏமாற்றமாக இருந்தது. இருவரும் ஒன்றுமே செய்யவில்லை. வயல் நடுவே போகும் ரோட்டில் மெதுவாக நடந்தார்கள், அவ்வளவுதான். அப்பா எப்போதும் மாமாவின் இடது பக்கம்தான் நடந்தார். மணிக்கட்டைப் பிடித்திருந்தார். இடையிடையே 'நாயி' என்பார், 'சாணி' என்பார், 'பைய வா' என்பார். மாமா தலையைக் குனியாமல் நேராகப் பார்த்துக்கொண்டே பஸ்ஸில் நடந்த வேடிக்கைகளைச் சொல்லிக்கொண்டு வந்தார். ஆற்றுப் படித்துறை வந்ததும் அப்பா எண்ண ஆரம்பித்தார். 'இன்னும் அஞ்சு... நாலு... மூணு... இன்னும் ரெண்டு... தண்ணி.' மாமா ஒவ்வொரு படிக்கும் காலால் துழாவி இறங்கினார்.

தண்ணீருக்குள் போனதும் மாமா ஆளே மாறிவிட்டார். நீந்தினார், முங்கினார், என்னை முதுகில் ஏற்றிக்கொண்டு முருகன் கோயில் மண்டபம் வரை போய் வந்தார். கரையேறியதும் மறுபடி மணிக்கட்டு, மறுபடி எண்ணிக்கை. டீக்கடையில் கடைக்காரர் பக்கவாட்டில் கிளாஸை நீட்டினார். மாமா வாங்கிக்கொள்ளவில்லை. அப்பா வாங்கி அவர் உள்ளங்கையில் வைத்து, விரல்களையும் மடக்கிவிட்டார். வடை தின்றபின் இருவரும் ஆற்றைப் பார்த்தபடி வெகுநேரம் உட்கார்ந்திருந்தார்கள். 'தை வரைக்கும்லே' என்றார் மாமா ஒரு தடவை. 'ம்' என்றார் அப்பா.

வீட்டுக்கு வந்ததும் அம்மாவிடம் வாடை இல்லை என்று சொன்னேன். டீ வாடைதான் வந்தது என்றும் சேர்த்துச் சொன்னேன். அம்மாவுக்குப் போன உயிர் திரும்பி வந்ததுபோல் ஆயிற்று. அன்று மத்தியானம் அப்பாவுக்கு அப்பளம் இரண்டு கூடுதலாக விழுந்தது. விஷயம் அத்தோடு முடிந்திருக்கவேண்டும். ஆனால் எனக்குச் செட்டு பிடித்துப்போயிருந்தது.

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும், அடுத்த வீட்டு அக்காவின் மகளைக் கூப்பிட்டு வாசலில் புது விளையாட்டு ஆரம்பித்தேன். நான் அப்பா, அவள் மாமா. அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டேன். கீழே பார்த்தாயானால் அவுட் என்றேன். 'நாயி', 'சாணி' என்று இல்லாதவற்றையெல்லாம் சொன்னேன். படியில் இறக்கும்போது 'இன்னும் ரெண்டு' என்று எண்ணினேன். கடைசியில் ஒரு தம்ளரை அவள் கையில் வைத்து விரல்களை மடக்கினேன். அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்த அம்மா சிரித்தபடியே கேட்டாள்.

"ஏட்டி, இது என்ன விளையாட்டு?"

"செட்டு."

"அதுக்கு ஏன் எண்ணுத?"

"அப்பா எண்ணுவாவல்லா. மாமா கீழ பாக்க மாட்டாவ. செட்டுல கீழ பாக்கக்கூடாதும்மா."

அம்மாவின் கை முறத்திலேயே நின்றுவிட்டது. தம்ளரை ஏன் கையில் வைக்கிறாய் என்று கேட்டாள். பக்கத்தில் நீட்டினால் மாமா வாங்க மாட்டார், கையில்தான் வைக்கவேண்டும் என்று செட்டின் சட்டதிட்டங்களையெல்லாம் விளக்கினேன். பெரியவர்களுக்குத் தெரியாத ஒன்றை அவர்களுக்குக் கற்றுக்கொடுக்கிற சந்தோஷம் இருக்கிறதே, அது என்னை ஒன்றுவிடாமல் சொல்லவைத்தது. அம்மா முறத்தை அப்படியே வைத்துவிட்டு எழுந்து உள்ளே போனாள். குடிதான் என்று தெரிந்திருந்தால்கூட அவள் அன்று நிம்மதியாகச் சண்டை போட்டிருப்பாள்.

அடுத்த நாள் என்னையும் கூட்டிக்கொண்டு மாமா வீட்டுக்குப் போனாள். மாமா வேலைக்குப் போயிருந்தார். அடுப்படியில் வைத்து அத்தையிடம் மெதுவாகச் சொன்னாள். அத்தை அழுவாள் என்று எதிர்பார்த்தேன், அழவில்லை.

"ராத்திரி எந்திரிச்சா சுவத்தைத் தடவிக்கிட்டுப் போவாவ. தூக்கக் கலக்கம்னுல்லா நெனச்சேன்" என்றாள்.

"நேர பாத்தா தெரியுது போலக்கா, பக்கத்துலயும் கீழயுந்தான் தெரியல. பஸ்ஸுல நம்ம பிள்ளையளுந்தான போவுது" என்றாள் அம்மா.

அத்தை இரண்டு நாள் யோசித்திருக்கிறாள். பிறகு மாமாவுக்குத் தெரியாமல் அவளே டிப்போவுக்குப் போய், தான் வந்தது வெளியே தெரியவேண்டாம் என்று கேட்டுக்கொண்டு அதிகாரியிடம் சொல்லிவிட்டாள். கண்ணைப் பரிசோதித்தார்கள். ஓரப்பார்வை போய்விட்டது, கொஞ்சம் கொஞ்சமாக நடுப்பார்வையும் போகும், வைத்தியம் கிடையாது என்றார்கள். மாமாவைப் பஸ்ஸிலிருந்து இறக்கி, டிப்போ வாசலில் ஸ்டூல் போட்டு உட்காரவைத்தார்கள். பத்து நாளில் செய்தி ஊரெல்லாம் பரவிற்று. மாமாவின் மூத்த மகளுக்குத் தையில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. இது பரம்பரையாக வருகிற வியாதி என்று மாப்பிள்ளை வீட்டார் யாரிடமோ கேட்டுத் தெரிந்துகொண்டார்கள். மாப்பிள்ளைக்குத் தாம்பூலத்தட்டில் வைத்துக் கொடுத்த பட்டுவேட்டி திரும்பி வந்தது, கல்யாணம் நின்றுபோயிற்று.

என் விளையாட்டிலிருந்து அத்தையிடம் போனது வரை எல்லாவற்றையும் அன்று அம்மா சொல்லிவிட்டாள், அப்பா சத்தம் போடவில்லை. அதுதான் எங்களுக்குப் பயமாக இருந்தது.

"கல்யாணம் முடிஞ்ச மறுநாளே அவனே போய்ச் சொல்லுததா இருந்தான். எங்கிட்ட சத்தியம் பண்ணியிருந்தான்" என்றார்.

"அதுக்குள்ள ஒரு பிள்ளை குறுக்க விழுந்திருந்தா?" என்றாள் அம்மா.

இத்தனை வருஷம் கழித்தும் என்னிடம் கேட்டால், அம்மா சொன்னதுதான் சரி என்பேன். அப்பாவுக்கும் அது தெரிந்துதான் இருந்திருக்கும். சைக்கிளைப் பூட்டிப் போட்டுவிட்டு நடக்கவைத்தவருக்கு, பஸ்ஸிலிருந்து இறங்கச் சொல்ல மட்டும் வாய் வரவில்லை. ஞாயிறு தவறாமல் ஆற்றங்கரையில் உட்கார்ந்து அதைத்தான் சொல்ல முயன்றுகொண்டிருந்தாரோ என்னவோ.

சனிக்கிழமை பொழுது சாயும் நேரத்தில் மாமா எங்கள் வீட்டுக்கு வந்தார். தனியாக வந்திருந்தார். முழங்காலில் எங்கோ இடித்த ரத்தக்கறை வேட்டியில் தெரிந்தது. உள்ளே வரவில்லை, நிலையைப் பிடித்துக்கொண்டு வாசலிலேயே நின்றார். மீசையை முறுக்கிவிட ஆளில்லாததுபோல் அது தொங்கிக் கிடந்தது.

"ஏலே, உன்னைத் தவிர ஒருத்தனுக்கும் தெரியாது. நீ சொன்னியா?"

அப்பா நிமிர்ந்து என்னைப் பார்த்தார். நான் அம்மாவின் பின்னால் நின்றுகொண்டிருந்தேன். அம்மா ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் அப்பா சொல்லிவிட்டார்.

"ஆமாலே. நாந்தான் சொன்னேன்."

"ஏம்லே?"

"மனசு கேக்கல."

எனக்குப் பொசுக்கென்று கோபம் வந்தது. இது பச்சைப்பொய். கவனித்தது நான், விளையாடிக் காட்டியது நான், அம்மாவுக்கு விளக்கிச் சொன்னதும் நான். அப்பா எதையும் யாரிடமும் சொல்லவே இல்லை. நான் செய்ததைத் தான் செய்ததாக ஏன் சொல்லிக்கொள்கிறார்? என் வாய் துறுதுறுத்தது. அம்மா பின்பக்கமாகக் கையை நீட்டி என் தோளை அழுத்தினாள். நகம் பதிந்து வலித்தது.

மாமா கொஞ்ச நேரம் நேராகவே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் குறுகிய பார்வைக்குள் அப்பாவின் முகம் மட்டும்தான் தெரிந்திருக்கும். 'மூணு மாசம்லே, வெறும் மூணு மாசம்' என்றார். பிறகு திரும்பினார். எங்கள் வாசலுக்கு இரண்டு படி. அப்பா பழக்கத்தில் எழுந்து ஓடி அவர் மணிக்கட்டைப் பிடித்தார். மாமா கையை உதறிவிட்டு, காலால் துழாவித் துழாவித் தானே இறங்கிப் போனார். அதன்பின் அவர்கள் பேசிக்கொள்ளவே இல்லை. அடுத்த வருஷம் மாமா குடும்பத்தோடு அத்தையின் ஊருக்குப் போய்விட்டார்.

அவர் வந்துபோன மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. அப்பா எப்போதும்போல் துண்டை எடுத்துத் தோளில் போட்டார், சோப்பு டப்பாவை எடுத்துக்கொண்டார்.

"செட்டுக்குப் போயிட்டு வாரேன்."

அடுப்படியிலிருந்து பதில் வரவில்லை. அம்மா கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா நின்றாள். நானும் வருகிறேன் என்றேன். முந்தின நாள் கோபம் எனக்கு ஆறியிருந்தது. அப்பா மறுப்பேதும் சொல்லவில்லை.

வழியெல்லாம் அப்பா, என் வலது பக்கம் இடம் நிறைய இருந்தும் இடது பக்கமாகவே வந்தார். என் மணிக்கட்டைப் பிடித்திருந்தார். மாமா எப்போது வருவார் என்று கேட்டேன், 'பைய வா' என்றார். படித்துறை வந்தது. நான் துள்ளி இறங்கப்போனேன். அப்பா விடவில்லை, பிடியை இறுக்கிக்கொண்டு ஒவ்வொரு படியாக இறங்கினார்.

"இன்னும் நாலு... மூணு... இன்னும் ரெண்டு..."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எப்பா, எனக்குத்தான் கண்ணு நல்லாத் தெரியுமே என்றேன்.

அப்பா அங்கேயே நின்றுவிட்டார். தண்ணீருக்கு இன்னும் இரண்டு படி இருந்தது. துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். குளிக்கும் முன்னாலேயே எதற்காகத் துடைக்கிறார் என்று நினைத்துக்கொண்டு, நான் கையை விடுவித்துத் தண்ணீரில் குதித்தேன்.