வேட்டி இறங்கிய இடம்

கோவை உக்கடத்தில் தேங்காய் எண்ணெயில் நேந்திரம் சிப்ஸ் பொரியும் வாசம் வந்தாலே எனக்கு எரிச்சல் வந்துவிடுகிறது. அங்கே இன்று கார்கள் நிறுத்தும் இடத்தில், தொண்ணூறுகளில் மலையாளப் படம் மட்டும் ஓடும் ஒரு தியேட்டர் இருந்தது. சோமனூரில் கூலிக்குத் தறி ஓட்டிய அப்பா, லீவு நாளில் என்னை அங்கே கூட்டிவருவார். பாஷை எங்களுக்குப் பாதிதான் புரியும். ஆனால் நாயகன் முதலாளி வீட்டு முற்றத்தில் நின்று வேட்டியை மடித்துக் கட்டும்போது, விசிலும் பீடிப்புகையும் மூட்டைப்பூச்சியுமான அந்த இருட்டில், வீட்டில் சிரித்தே பார்த்திராத அப்பா என் தோளைத் தட்டித் தட்டிச் சிரிப்பார். படம் விட்டதும் அவரும் வேட்டியை அப்படியே மடித்துக் கட்டிக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு நடப்பார்; அந்த நடைக்கு ஈடுகொடுக்க நான் ஓட வேண்டும்.

ஒருநாள் பஸ் ஸ்டாண்டில், சிப்ஸ் பொரிக்கும் கடை முன்னால், தறி முதலாளியின் மகன் நின்றிருந்தான். பள்ளிக்கூடம் போகிற பையன்.

"என்ன ரங்கா, படத்துக்கா?"

அப்பாவின் கை தானாக மடிப்பை அவிழ்த்தது. வேட்டி கணுக்கால்வரை இறங்கியது.

"இல்லீங்க சின்னவரே, புள்ள பாக்கோணும்னு அழுதுச்சுங்க, அதானுங்க."

நான் எங்கே அழுதேன்?