அமிலத்தில் கரையாத செம்பு

எண்பதுகளின் தொடக்கத்தில், திருவண்ணாமலைக் கல்லூரியில் எனக்கு இறுதியாண்டு வேதியியல் செய்முறைத் தேர்வு. செம்புத் தூளும் துத்தநாகத் தூளும் கலந்த பொட்டலத்தைக் கொடுத்து, எது எவ்வளவு என்று கண்டுபிடிக்கச் சொன்னார்கள். நீர்த்த அமிலத்தில் போட்டதும் துத்தநாகம் நுரைத்துக் கரைந்தது. அடியில் தங்கிய செம்பை வடிகட்டி, உலர்த்தி, எடைபோட்டேன். நூற்றுக்கு நாற்பது பங்கு வந்தது.

பக்கத்து மேசைத் தோழி, "எனக்கு எழுபதுடி" என்று கிசுகிசுத்தாள். வகுப்பிலேயே முதலாவதாக வருபவள் அவள். மறுபடி செய்ய நேரமில்லை. எழுபது என்று மாற்றிவிடலாமா என்றுகூட நினைத்தேன். ஆனால் தராசில் நான் பார்த்தது நாற்பதுதான். அதையே எழுதிக் கொடுத்தேன்.

வெளியூரிலிருந்து வந்திருந்த தேர்வாளர் தாளைப் பார்த்தார். "பக்கத்துப் பொண்ணுக்கு எழுபது வந்திருக்கே. நீ ஏம்மா மாத்தல?"

"எனக்கு இவ்ளோதாங்க சார் மிஞ்சுச்சு." வடிதாளில் இருந்த செம்பைக் காட்டினேன்.

"பயப்படாத. ஒவ்வொருத்தருக்கும் வேற வேற கலவை குடுத்திருக்கோம். உன்னுது சரியாத்தான் இருக்கு."

காலையிலிருந்து நான் எதுவும் சாப்பிடவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. பஸ் ஸ்டாண்டில் இரண்டு தோசை சாப்பிட்டுவிட்டு கீழ்பென்னாத்தூர் பஸ்ஸில் ஏறியவள், உட்கார்ந்ததும் தூங்கிப்போனேன். ஊர் வந்ததும் கண்டக்டர்தான் எழுப்பினார்.